வாடிக்கையாளர்களுக்கு ஒரு மடல்: இலங்கைப் பயணம் பற்றி

அன்புள்ள வாடிக்கையாளர்களுக்கு, வணக்கம்.

மலேசியாவின் சுங்கை சிப்புட் பசார் பக்கம் அப்பா காலத்திலிருந்து இருக்கும் பயண ஏற்பாட்டுக் கடை இது. உங்களில் யார் காசிக்குப் போனீர்கள், யார் பழனிக்குக் காவடியோடு போனீர்கள் என்று எனக்குத் தெரியும், என்னைப் பற்றி உங்களுக்கும் தெரியும். அதனால் நேராக விஷயத்துக்கு வருகிறேன்.

முன்னேஸ்வரம், கோணேஸ்வரம், நல்லூர், கதிர்காமம் என்று நாங்கள் போட்ட இலங்கைப் பயண விளம்பரத்தில் கொழும்புக் கொச்சிக்கடை அந்தோனியார் கோயிலும் இருந்தது. அந்த விளம்பரத்தோடு கூரை பிய்ந்து கிடக்கும் ஒரு மாதா கோயில் படத்தைச் சேர்த்து, "காசுக்காக நம்ம ஆளுங்கள குண்டு வெடிக்கிற ஊருக்குக் கூட்டிட்டுப் போறாங்க, செத்தவங்க பேர்ல வியாபாரம் பண்றாங்க" என்று ஒரு குரல்பதிவும் புலனக் (வாட்ஸ்அப்) குழுக்களில் போய்க்கொண்டிருக்கிறது. பக்கத்து லிந்தாங் வரை போய்விட்டதாகக் கேள்வி. பேர் கொடுத்திருந்த சிலர் விலகிவிட்டார்கள்.

முதலில் அந்தப் படம். அது கொச்சிக்கடையே இல்லை. நீர்கொழும்பு கட்டுவாப்பிட்டியில் உள்ள செபஸ்தியார் கோயில். 2019 ஏப்ரல் 21, ஈஸ்டர் ஞாயிறு காலை எடுத்தது. அன்று கொச்சிக்கடை உட்பட மூன்று தேவாலயங்களிலும் கொழும்பின் மூன்று பெரிய ஹோட்டல்களிலும் குண்டு வெடித்துச் சுமார் 270 பேர் இறந்தார்கள். கட்டுவாப்பிட்டியில் மட்டும் நூறு பேருக்கு மேல். கூரையைப் புதிதாகப் போட்டு, அந்த ஆண்டு ஜூலையிலேயே அதைத் திறந்துவிட்டார்கள். இரத்தம் தெறித்த இயேசு சிலையை மட்டும் கழுவாமல் கண்ணாடிக்குள் வைத்திருக்கிறார்கள். கொச்சிக்கடையைக் கடற்படையினர் பழுதுபார்த்தார்கள். ஜூன் 13 அந்தோனியார் திருவிழா. அதற்கு முந்திய நாளே கோயில் திறந்தது. செவ்வாய்க்கிழமைகளில் அங்கே இந்துக்கள், பௌத்தர்கள் எல்லாரும் மெழுகுவர்த்தியோடு நிற்பார்கள். நானும் வரிசையில் நின்றிருக்கிறேன். வாசலில் பையைத் திறந்து காட்டச் சொல்வார்கள். எனக்கு முன்னால் நின்ற ஒரு பாட்டி சேலை முடிச்சைக்கூட அவிழ்த்துக் காட்டினார். உள்ளே இரண்டு சில்லறைக் காசும் ஒரு வெற்றிலையும். காவலர் சிரித்துக்கொண்டே "போங்கம்மா" என்றார்.

"செத்தவர்கள் பெயரில் வியாபாரம்" என்ற சொல்தான் எனக்குத் தூக்கம் கெடுத்தது. என் அப்பாவின் பெயரும் இந்தக் கடைப் பலகையில் இருக்கிறது, அதனால் இதற்குக் கொஞ்சம் விரிவாகவே பதில் சொல்ல வேண்டும்.

2018இல் இலங்கைக்கு 23 லட்சம் பயணிகளுக்கு மேல் போனார்கள். அந்த ஆண்டு மே மாதம் மட்டும் ஏறக்குறைய 1 லட்சத்து 29 ஆயிரம் பேர். குண்டு வெடித்ததற்கு அடுத்த மாதம், 2019 மே, போனவர்கள் 38 ஆயிரம் பேர்கூட இல்லை. குண்டு வைத்தவன் எதிர்பார்த்ததும் இதைத்தான். இறந்தவர்கள் ஒரு சில இடங்களில் இறந்தார்கள், பிழைப்புப் போனது தீவு முழுக்க. நம் குழுக்களுக்கு வேன் ஓட்டும் தம்பி தவணையில் எடுத்த வண்டி அப்போது மாதக்கணக்கில் வாசலிலேயே நின்றது. அவர் கண்டிக்காரர், குண்டு வெடித்த இடத்திலிருந்து எத்தனையோ மைல் தள்ளி இருப்பவர். கோயில் வாசலில் பூ விற்பவர், இளநீர் வெட்டுபவர், தங்கும் விடுதியில் துணி துவைக்கும் அக்கா, இவர்களுக்கெல்லாம் யாரும் நஷ்டஈடு கொடுப்பதில்லை. நாம் போனால் அவர்கள் வீட்டில் அடுப்பு எரியும். இதை வியாபாரம் என்றால் ஆமாம், வியாபாரம்தான். அதில் எனக்கு வெட்கம் எதுவும் இல்லை.

அந்த ஊர் எப்படி எழுந்தது என்பதையும் சொல்கிறேன். முதல் நாட்களில் இரவில் ஊரடங்கு. அடுத்த ஞாயிறு தேவாலயங்களில் பூசை இல்லை. கர்தினால் மால்கம் ரஞ்சித் தம் இல்லத்தில் நடத்திய பூசையை ஜனங்கள் வீட்டில் தொலைக்காட்சியில் பார்த்தார்கள். மே 6ஆம் தேதி பெரிய வகுப்புகளுக்கு மட்டும் பள்ளி திறந்தபோதும் வகுப்புகள் பெரும்பாலும் காலி. அரசாங்கம் அந்த நாட்களில் புலனத்தையும் முகநூலையும் முடக்கிவைத்தது. காரணம் வதந்தி. அப்படியும் மே 13 அன்று மினுவாங்கொடை போன்ற ஊர்களில், குண்டுக்கும் தமக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லாத முஸ்லிம்களின் கடைகளை எரித்தார்கள். குண்டு வெடித்த ஊருக்கு இரண்டாவது அடி பெரும்பாலும் இப்படி வாய்வழிதான் வந்து சேர்கிறது. அதனால்தான் ஒரு பழைய படத்தை யோசிக்காமல் தட்டி அனுப்புவதை நான் சின்ன விஷயமாக எடுக்க மாட்டேன். பழுதான கூரையைச் சரிசெய்வதுபோல் நியாயத்தைச் சீக்கிரம் சரிசெய்ய முடியவில்லை என்பதும் உண்மை. முன்னெச்சரிக்கை வந்தும் கோட்டைவிட்டதற்காக முன்னாள் அதிபர் மைத்திரிபால சிறிசேன 10 கோடி ரூபாய் இழப்பீடு தர வேண்டும் என்று அந்நாட்டு உச்ச நீதிமன்றம் தீர்ப்பு சொல்ல 2023 ஜனவரி ஆனது.

கொழும்புக்குப் பயப்படுகிறவர்கள் பேங்காக்குக்குப் பயப்படுவதில்லை, அதுதான் எனக்குப் புரியவில்லை. நம்மவர்கள் விரும்பிக் கும்பிடும் எராவான் பிரம்மா சன்னதியில் 2015 ஆகஸ்ட் 17 மாலை குண்டு வெடித்து 20 பேர் இறந்தார்கள். பினாங்கிலிருந்து போன நம் நாட்டவரும் அதில் உண்டு. இரண்டே நாளில் சன்னதியைத் திறந்தார்கள். பிரம்மாவின் ஒரு முகத்தில் சேதமான தாடையைச் சீர்செய்து செப்டம்பர் 4ஆம் தேதி பூசை போட்டார்கள். ஷீரடிக்குப் போகும் வழியில் மும்பையில் நாம் இறங்குகிறோமே, அந்த சத்ரபதி சிவாஜி (சிஎஸ்டி) ரயில் நிலையத்தில் 2008 நவம்பர் 26 இரவு தீவிரவாதிகள் பயணிகளைச் சுட்டுத் தள்ளினார்கள். மறுநாள் காலை அங்கே ரயில் ஓடியது. அதே தாக்குதலில் எரிந்த தாஜ் ஹோட்டலின் பழைய கட்டடத்தைத் திறக்க மட்டும் 2010 ஆகஸ்ட் 15 வரை ஆனது. மும்பைக்காரர்களின் துணிச்சல் என்று எல்லாரும் புகழ்கிறார்கள். அன்றைய கூலி அன்றைக்கு வேண்டுமென்றால் ரயில் ஏறாமல் வேறு என்ன செய்வது என்றும் நான் நினைப்பதுண்டு.

நம் பெரியவர்களுக்கு இதை நான் விளக்க வேண்டியதில்லை. 1948 ஜூன் 16 காலை இதே ஊரில், எல்பில் தோட்டத்திலும் பக்கத்துத் தோட்டத்திலும் மூன்று வெள்ளைக்காரத் துரைகளைக் கம்யூனிஸ்டுகள் சுட்டுக் கொன்ற பிறகுதான் மலாயாவில் அவசரகாலம் வந்தது. 1960 ஜூலை 31 வரை நீடித்தது. அதன் நியாய அநியாயம் பெரிய வழக்கு, அதற்குள் நான் போகவில்லை. ஆனால் பால்மரம் சீவப் போகிறவர்கள் காட்டில் இருந்தவர்களுக்குப் போய்விடும் என்று ஒரு பிடி அரிசிகூட எடுத்துப் போகக்கூடாதென கேட்டில் சோதித்த காலத்திலும் விடியற்காலை பிரட்டுக்கு (வேலைக்கு முன் பேர் கூப்பிடும் இடத்துக்கு) ஆள் வந்தது, கோயில் திருவிழா நடந்தது என்று என் பாட்டி சொல்வார். "சுங்கை சிப்புட்டா, அங்கே சுடுவார்கள்" என்று வெளியூரில் பெண் கொடுக்க யோசித்தார்களாம். அந்தப் பேச்சு எப்படிச் சுடும் என்பது இந்த ஊர்க்காரர்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

ஆபத்தே இல்லை என்று நான் சொல்லவில்லை. ஒவ்வொரு பயணத்துக்கும் முன் நம் வெளியுறவு அமைச்சின் அறிவிப்பைப் பார்க்கிறேன். போக வேண்டாம் என்று அமைச்சு சொன்னால் குழு புறப்படாது. பயணிகள் பெயர்ப்பட்டியலைத் தூதரகத்தில் பதிவு செய்கிறேன். குழுவோடு நானோ என் தம்பியோ கட்டாயம் வருகிறோம்.

விமான டிக்கெட், வேன் வாடகை எல்லாம் ஏறியிருப்பதால் அடுத்த மாதத்திலிருந்து தலைக்கு 180 வெள்ளி கூடும், டிக்கெட் எடுத்த பிறகு விலகுபவர்களுக்கு முன்பணம் திரும்பாது.

குரல்பதிவைக் கேட்டதும் நேரே கடைக்கு வந்து "என்ன தம்பி நடந்தது?" என்று கேட்டவர்களுக்கும், விலகியவர்கள் இடத்துக்குத் தன் சம்பந்தி வீட்டாரையே அழைத்து வந்த டோவன்பி தோட்டத்து அக்காவுக்கும், அப்பாவின் கணக்குப் புத்தகக் காலத்திலிருந்து வேறு கடை ஏறாத எல்லாக் குடும்பங்களுக்கும் மனமார்ந்த நன்றி. நீங்கள் கொடுத்த தைரியத்தில்தான் இந்த மடலை எழுதுகிறேன்.

கொச்சிக்கடை பயணத்தில் அப்படியே இருக்கிறது, செவ்வாய்க்கிழமை காலை. வேண்டாம் என்பவர்கள் அந்த நேரம் வேனிலேயே இருக்கலாம், வற்புறுத்த மாட்டோம். சந்தேகம் இருந்தால் மாலை கடையில் இருப்பேன். வரும்போது பாஸ்போர்ட்டையும் எடுத்து வாருங்கள், தேதி முடிய ஆறு மாதம் இருக்கிறதா என்று அங்கேயே பார்த்துவிடலாம்.

அன்புடன்,
கடை உரிமையாளர்