சுப்பையா மாலைக் கூட்டத்துக்குக் கைகொடுத்தவர்களுக்கு

அன்புள்ள செங்கோட்டைக்காரர்களுக்கு,

போன ஞாயிற்றுக்கிழமை நம் தெரு மண்டபத்தில் நடிகர் எஸ்.வி.சுப்பையாவுக்காக ஒரு கூட்டம் போட்டோமே, முப்பது பேர் வந்தாலே பெரிது என்றுதான் நினைத்திருந்தேன். கடைசியில் நாற்காலி பற்றாமல் ஜமுக்காளம் விரிக்க வேண்டியதாயிற்று.

முதல் நன்றி தெற்குத் தெரு ஆச்சிக்கு. ஃபிளெக்ஸ் கட்டிய அன்று காலையில் அண்ணாந்து பார்த்துவிட்டு, "ஏலே, இது சகஸ்ரநாமம்லா! சுப்பையா எங்க?" என்று கேட்டார். அவரும் எஸ்.வி., அவரும் நடிகர். இனிஷியலை நம்பி, தேடியதும் முதலில் வந்த போட்டோவை எடுத்துக் கொடுத்தவன் நான்தான். அச்சடித்தவர் மேல் ஒரு தப்பும் இல்லை. சுப்பையா பிறந்த ஊரிலேயே இந்த லட்சணம். ஆனால் ஒன்று, மனுஷர் நடித்ததும் அப்படித்தான். 'களத்தூர் கண்ணம்மா'வில் சாவித்திரியின் தகப்பனார், 'பாவமன்னிப்பு' படத்தில் ஜேம்ஸ், 'அரங்கேற்றம்' படத்தில் வீடு நிறையப் பிள்ளைகளோடு திண்டாடும் ராமு சாஸ்திரிகள். எல்லாம் ஒரே ஆள் என்று சொன்னபோது, வந்திருந்த பிள்ளைகள் நம்பவில்லை.

ஓய்வுபெற்ற தமிழ் சார் பத்து நிமிஷம் கேட்டு, முக்கால் மணி நேரம் பேசினார். யாரும் எழுந்து போகவில்லை. 1920-இல் சுப்பையா பிறந்தபோது நம் ஊர் திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்தது, 1956 நவம்பரில்தான் தமிழ்நாட்டோடு சேர்ந்தது என்று தொடங்கி, சக்தி நாடக சபா, 'கவியின் கனவு' நாடகம், கூட நடித்த நம்பியார் என்று போய், 1961-இல் வந்த 'கப்பலோட்டிய தமிழன்' படத்தில் நின்றார். வாஞ்சி பிறந்த ஊர்க்காரருக்கு அதில் பாரதி வேஷம். சிதம்பரனாராகச் சிவாஜி நிற்கும்போது, பக்கத்தில் இன்னொருவர் கண்ணில் படுவதே கஷ்டம், இவர் பட்டார். அந்த முண்டாசும் விறைத்த நடையும்தான் எங்கள் தலைமுறைக்குப் பாரதி என்றார் சார். எனக்கும் அதுதான்.

அப்புறம், பொதிகை ரயிலில் சென்னையிலிருந்து வந்து இறங்கிய நண்பருக்கு. 1969-இல் சுப்பையா சொந்தமாகத் தயாரித்த 'காவல் தெய்வம்' பற்றிப் பேசினார். ஜெயகாந்தனின் 'கைவிலங்கு' கதை, கே.விஜயன் இயக்கம், சிவாஜிக்குச் சாமுண்டி என்கிற கௌரவ வேடம். கைக்காசைப் போட்டுப் படம் எடுக்கிறவர்கள் காதலையோ கத்திச்சண்டையையோ எடுப்பார்கள். இவர் ஒரு ஜெயில் அதிகாரியின் இரக்கத்தை எடுத்தார், அந்த அதிகாரியாக நடிக்கவும் செய்தார். சினிமாவில் இருந்துகொண்டே காரனோடையில் விவசாயம் பார்த்தவர் என்பதும் நண்பர் சொல்லித்தான் பலருக்குத் தெரிந்தது.

புரொஜெக்டர் கதையைச் சொல்லாவிட்டால் மொபைல் கடைத் தம்பி கோபித்துக்கொள்வான். வாடகைக்கு எடுத்த இடத்தில் ஸ்பீக்கர் ஒயரைத் தர மறந்துவிட்டார்கள். 'ஆதிபராசக்தி'யில் சுப்பையா அபிராமி பட்டராக வரும் காட்சி சுவரில் ஓடுகிறது. கீழே நெருப்பு, மேலே பட்டர், அமாவாசை வானத்தைப் பார்த்து வாயசைக்கிறார், சத்தம் மட்டும் இல்லை. நான் ஓடிப்போய் நிறுத்தப் பார்த்தேன். அதற்குள் முன்வரிசையில் ஒரு குரல், "சொல்லடி அபிராமி..." என்று எடுத்தது. பக்கத்தில் இருந்த மைனி சேர்ந்தார். பிறகு ஜமுக்காளம் முழுக்கப் பாட்டு. தாளம் அங்கங்கே இடித்தது, படத்தில் பாடிய டி.எம்.எஸ். மன்னிக்க வேண்டும். தம்பி ஒயரோடு மூச்சிரைக்க வந்து சேர்ந்தபோது சுவரில் நிலா வந்துவிட்டது. "இப்ப மாட்டட்டுமா அண்ணாச்சி?" என்றான். வேண்டாம் என்று கையைக் காட்டினேன். தம்பி, அது உன்னை மதிக்காமல் இல்லை.

சுக்குக் காப்பிக்குக் காசு வாங்க மறுத்த டீக்கடை அண்ணாச்சிக்கும், ராத்திரி பத்தரைக்குப் பெருக்கிவிட்டுப் போன மூன்று கல்லூரிப் பிள்ளைகளுக்கும் நன்றி.

பழைய பாட்டுப் புத்தகங்கள் கொடுத்தவர்கள் இந்த வாரத்துக்குள் வந்து வாங்கிக்கொள்ளுங்கள்; மழைக்காலம், என் வீடு ஒழுகும். ஒரு ஜோடிச் செருப்பும் ஒரு மூக்குக்கண்ணாடியும் என்னிடம் இருக்கின்றன. சகஸ்ரநாமம் ஃபிளெக்ஸை ஆச்சி மாட்டுத்தொழுவத்துக்குக் கேட்டார், கொடுத்துவிட்டேன்.