ஃபிரிட்ஸ் வெப்பர் நினைவு மாலைக்குக் கைகொடுத்த எல்லோருக்கும் நன்றி

அன்பான உறவுகளுக்கு வணக்கம்.

2024 மார்ச்சில் காலமான நடிகர் ஃபிரிட்ஸ் வெப்பருக்கு மியூனிக்கில் நாங்கள் நடத்திய நினைவு மாலை நல்லபடியாக முடிந்தது. "ஜேர்மன் நடிகருக்குத் தமிழில் கூட்டமா?" என்று கேட்டவர்களும் வந்து கடைசிவரை இருந்தார்கள். அவர்களுக்குத்தான் முதல் நன்றி.

எண்பதுகளில் இங்கே வந்து சேர்ந்தவர்களுக்கு, வெள்ளி இரவு எட்டேகாலுக்குத் தொலைக்காட்சியில் வந்த 'டெரிக்' என்ற துப்பறியும் தொடர் என்றால் விளக்கம் தேவையில்லை. அகதி விடுதியின் பொது அறையில் அந்தத் தொடரைப் பார்த்துத்தான் ஜேர்மன் காதில் ஏறியது என்று சில அண்ணைமார் எழுந்து சொன்னார்கள். மனம் திறந்து கதைத்ததற்கு நன்றி அண்ணை.

எங்கள் மேல்மாடியில் குடியிருக்கும் ஜேர்மன் அம்மா இல்லாவிட்டால் பாதிக் கதை தெரியாமலே போயிருக்கும். 'டேர் கொமிசார்' கறுப்பு வெள்ளைத் தொடரில் ஹாரி கிளைன் என்ற இளம் துப்பறிவாளராக வெப்பர் நடித்ததை, அது ஒளிபரப்பான காலத்திலேயே பார்த்தவர் அவர். 1974இல் அதே ஹாரி கிளைனாகவே 'டெரிக்'குக்கு மாறினார் வெப்பர். 'டேர் கொமிசாரி'ல் அவர் விட்டுப்போன இடத்துக்கு அவருடைய சொந்தத் தம்பி எல்மார், கதையிலும் ஹாரியின் தம்பியாகவே வந்தார்! அப்புறம் 1998 வரை 281 அத்தியாயங்கள், எப்போதும் துப்பறிவாளர் டெரிக்கின் உதவியாளராக, இரண்டாவது ஆள்.

அந்த இரண்டாவது இடத்தின் அருமையைக் காட்டியது, காட்சிகளைத் தொகுத்துத் தந்த தங்கச்சிதான். டெரிக் கேள்வி கேட்கும் காட்சிகளில் பக்கத்தில் நிற்கும் கிளைனின் முகத்தை மட்டும் பார்க்கச் சொன்னார். வாயே திறக்கமாட்டார். ஆனால் எதிரே இருப்பவன் சொல்வதை நம்பலாமா கூடாதா என்பதை அந்த முகத்தைப் பார்த்துத்தான் நாம் முடிவு செய்கிறோம். என்னைக் கேட்டால், பேசுவதைவிடக் கடினமான நடிப்பு அது.

'டி ப்ரூக்கே' படத்தைத் தேடி எடுத்துத் தந்த நூலக அலுவலருக்கும் நன்றி. இரண்டாம் உலகப் போரின் கடைசி நாட்களில் ஒரு பாலத்தைக் காக்க நிறுத்தப்படும் ஏழு பையன்களில், உயிர் தப்பும் ஒரே பையனாக வெப்பர் நடித்திருப்பார். 1959இல் படம் வந்தபோது அவருக்கு வயது பதினெட்டு. 1972இல் 'காபரே' படத்தில், தான் யூதன் என்பதை மறைத்து வாழும் ஃபிரிட்ஸ் வென்டலாகவும் வந்தார்.

டெரிக்காக நடித்த ஹோர்ஸ்ட் டாப்பேர்ட் பற்றிக் கேள்வி எழுப்பிய தம்பிக்குத் தனி நன்றி. டாப்பேர்ட் நாஜிகளின் வாஃபென் எஸ்எஸ் படையில் இருந்தவர் என்பது 2013இல் வெளிவந்ததும் இசட்டிஎஃப் தொலைக்காட்சி 'டெரிக்' மறுஒளிபரப்பை நிறுத்தியது. பிள்ளைகள் இருந்த சபையில் அதை மூடி மறைக்காமல் பேசியது சரிதான்.

அம்மாமாருக்கு வெப்பர் என்றால் கன்னிமடத்துச் சகோதரிகளோடு ஓயாமல் மல்லுக்கட்டும் மேயர் வோல்லர்தான். 2002 முதல் 2021 வரை ஓடிய அந்த 'உம் ஹிம்மெல்ஸ் வில்லன்' தொடரின் காட்சிகள் போதவில்லை என்று குறைப்பட்டார்கள். அடுத்த முறை கட்டாயம் சேர்க்கிறோம்.

மண்டபம் தந்த தமிழ்ப் பள்ளிக்கும், ரோல்ஸும் வடையும் சுட்டுக் கொண்டுவந்தவர்களுக்கும், கதிரைகளை அடுக்கி வைத்துவிட்டுப் போன இளையவர்களுக்கும் மனமார்ந்த நன்றி. காட்சித் தொகுப்பு கேட்டவர்கள் தங்கச்சியிடம் சொல்லிவையுங்கள்.

அன்புடன்,
ஏற்பாட்டுக் குழு சார்பில்