எல்லார் நெஞ்சிலும் மஞ்சள் நட்சத்திரம் தைக்காதீர்கள்

தொடர் தயாரிப்பாளர்களுக்கும், உடை, கலைப் பிரிவினருக்கும், தமிழில் டப்பிங் செய்வோருக்கும்,

வணக்கம். நாஜிக் காலத்து யூதர்கள் பட்ட பாட்டைத் தொடராக எடுக்கும்போது முதலில் சறுக்குவது, யூதர் என்று அடையாளம் காட்ட நாஜிகள் கட்டாயமாக அணியவைத்த ஒரு துண்டுத் துணியில்தான். போலந்தின் வார்சாவில் யூதர்களை அடைத்துவைத்த பகுதியான கெட்டோவின் காட்சியில் எல்லார் நெஞ்சிலும் மஞ்சள் நட்சத்திரம்! அங்கே அது கிடையாது. 1939 டிசம்பர் 1 முதல் வலக்கையில் வெள்ளைப் பட்டை, அதில் நீல நட்சத்திரம், அகலம் குறைந்தது 10 செ.மீ. கோட்டு போட்டால் கோட்டுக்கு மேலும் பட்டை வேண்டும். துணி அழுக்காகிவிடும் என்பதால் துடைத்துக்கொள்ளும் செல்லுலாய்டு பட்டைகளும் தெருவிலேயே விற்றன. அந்த வியாபாரியை ஓர் ஓரமாக நிறுத்துங்கள். ஒரு பக்க வசனம் மிச்சம்.

லோட்ஸும் போலந்துதான், ஆனால் ஜெர்மனியோடு இணைத்துக்கொண்ட பகுதி. அங்கே மஞ்சள் நட்சத்திரம், மார்பிலும் முதுகிலும். ஜெர்மனிக்குள் அது வந்தது 1941 செப்டம்பர் 19-இல்: ஆறு வயது முதல், இடது மார்பில், உள்ளங்கை அளவு, நடுவில் 'யூடெ' (ஜெர்மனில் 'யூதர்') என்ற சொல். ஆக, 1938 நவம்பரில் யூதர்களின் ஜெபாலயங்கள் எரியும் பெர்லின் காட்சியில் நட்சத்திரம் தெரிந்தால் அந்தக் காட்சியே பொய். பிரான்சின் ஆக்கிரமிப்புப் பகுதியில் 1942 ஜூனில் ஆளுக்கு மூன்று கொடுத்தார்கள்; அதற்கும் துணிப் பங்கீட்டில் ஒரு புள்ளியைக் கழித்துக்கொண்டார்கள். ஊசி குத்தி மாட்டக் கூடாது, தைத்தே ஆக வேண்டும். எனவே நடிகர் சட்டை மாற்றும்போதெல்லாம் நட்சத்திரம் தாவி வரக் கூடாது.

அடுத்தது முகாம். கையில் எண் பச்சை குத்தியது அவுஷ்விட்ஸ் முகாமில் மட்டுமே, அதுவும் பதிவு செய்யப்பட்ட கைதிகளுக்கு. ரயிலிலிருந்து நேரே நச்சுவாயு அறைக்குப் போனவர்களுக்கு எண்ணே இல்லை. 1942 ஜூலை 22 முதல் செப்டம்பர் 21 வரை வார்சாவிலிருந்து ஏறத்தாழ 2,65,000 பேர் திரெப்ளிங்கா முகாமுக்குக் கொண்டுபோகப்பட்டார்கள். பெரும்பாலோர் இறங்கிய சில மணி நேரத்தில் கொல்லப்பட்டார்கள். அவர்களுக்குக் கோடு போட்ட உடை மாட்டி, கொட்டடியில் மாதக்கணக்கில் பேசவிடும் திரைக்கதை அந்த இடத்தின் வேலையையே மறைத்துவிடுகிறது.

கொடுமையைக் கற்பனையால் கூட்டவும் வேண்டாம். 2020-இல் ஓர் அமெரிக்கத் தொடர் அவுஷ்விட்ஸில் மனிதர்களைக் காய்களாக வைத்துச் சதுரங்கம் ஆடுவதாகக் காட்டியது. அப்படி ஒன்று நடக்கவே இல்லை. இது யூதப் படுகொலையே நடக்கவில்லை என்னும் மறுப்பாளர்களுக்குத்தான் உதவும் என்று அவுஷ்விட்ஸ் நினைவகமே கண்டித்தது.

டப்பிங் செய்வோருக்கு ஒன்று. கெட்டோவைச் 'சேரி' ஆக்காதீர்கள். வேறொரு வரலாறு உள்ளே வந்துவிடும். 'கெட்டோ' என்றே இருக்கட்டும். திரெப்ளிங்கா 'சிறை முகாம்' அல்ல, கொலை முகாம்.