ஒரு முழு ஆல்பத்துக்கு ஒரே ஒரு வரிதானா?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ஆங்கில ராக் பாடகர் ஆசி ஆஸ்போர்ன் பற்றி உங்கள் ஞாயிறு இணைப்பில் வந்த கட்டுரையைப் படித்தேன். அவர் 2025 ஜூலை 22 அன்று இறந்ததிலிருந்து எங்கே திரும்பினாலும் இப்படிக் கட்டுரைகள்தான் கண்ணில் படுகின்றன, தமிழிலும் எழுதியிருக்கிறார்களே என்று ஆசையாக எடுத்தேன். மேடையில் வௌவாலைக் கடித்த கதை இரண்டு பத்திக்கு ஓடுகிறது. போதைப் பழக்கம், குடும்பத்தை வைத்து எடுத்த டிவி நிகழ்ச்சி எல்லாம் இருக்கின்றன. ஆனால் பிளாக் சாபத் என்ற அவருடைய ராக் குழுவின் முதல் ஆல்பத்துக்கு ஒரே ஒரு வரி, அதிலும் சாத்தானைப் போற்றும் இசைத்தட்டு என்று போட்டிருக்கிறீர்கள். அது தப்பு, அதனால்தான் இந்தக் கடிதம்.

முதலில் அந்தக் குழுவின் நான்கு பேரும் யார் என்று சொல்ல வேண்டும். ஆசி, கிதார் வாசித்த டோனி அயோமி, பாஸ் வாசித்த கீசர் பட்லர், டிரம்ஸ் வாசித்த பில் வார்ட், நால்வருமே இங்கிலாந்தின் பர்மிங்ஹாம் நகரத்தில் ஆஸ்டன் பக்கத்துப் பையன்கள். கார் உதிரிபாகம், இரும்பு, தகடு என்று ஊர் முழுக்கப் பட்டறைதான், போர்க்காலத்தில் ஜெர்மன் குண்டு விழுந்து இடிந்த கட்டடங்கள் அவர்கள் வளர்ந்த காலத்திலும் அப்படியே கிடந்தன. ஆசி இறைச்சிக் கூடத்தில் வேலை பார்த்தவர், சின்னத் திருட்டுக்காக ஜெயிலுக்கும் போய் வந்தவர். பட்லர் கணக்கெழுதும் வேலையில் இருந்தவர்.

அயோமியின் விஷயத்தை மட்டும் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன், ஏனென்றால் நான் அம்பத்தூரில் ஷீட் மெட்டல் கம்பெனியில் பல வருடம் இருந்தவன், தகட்டை அழுத்தும் பிரஸ் மெஷினில் கையை இழந்தவர்களைப் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறேன். அயோமிக்கு அப்போது 17 வயது. ஒரு குழுவோடு ஐரோப்பா போய் வாசிக்க வாய்ப்பு வந்ததால் தகட்டு ஃபேக்டரி வேலையை விடுகிறார், அன்றுதான் கடைசி நாள். மதியம் சாப்பிட வீட்டுக்கு வந்தவருக்குத் திரும்பிப் போக இஷ்டமில்லை. கடைசி நாளையும் ஒழுங்காக முடித்துவிட்டு வா என்று அம்மா அனுப்பி வைக்கிறார். அயோமி வெல்டர், ஆனால் பிரஸ் ஓட்டுகிற ஆள் அன்றைக்கு வராததால் பழக்கமில்லாத அந்த மெஷினில் இவரை நிறுத்துகிறார்கள். மெஷின் கையில் இறங்குகிறது, பதறிப்போய் இழுத்ததில் வலது கை நடுவிரலும் மோதிர விரலும் நுனியில் போய்விடுகின்றன. அவர் இடது கைக்காரர். அதனால் கிதாரில் தந்தியை அழுத்துகிற கையே அந்த வலது கைதான்.

வாசிப்பை விட்டுவிடுங்கள் என்று டாக்டர்கள் சொன்னார்கள். ஃபேக்டரியின் மேலதிகாரி ஒருவர் ஜாங்கோ ரைன்ஹார்ட்டின் இசைத்தட்டைக் கொண்டுவந்து கேட்கச் சொன்னார். தீயில் கருகி இரண்டு விரல் வேலை செய்யாமல் போன கையோடு வாசித்த கிதார் மேதை அவர். அதைக் கேட்டபிறகு அயோமி பாத்திரம் கழுவும் சோப்பு திரவத்தின் பிளாஸ்டிக் பாட்டிலை உருக்கி உருண்டையாக்கி, சூடான சால்டரிங் அயர்னால் விரல் நுழைய ஓட்டை போட்டு, தேய்த்துத் தேய்த்து விரலுக்கு ஏற்ற உறை மாதிரி செய்துகொண்டார். அது தந்தியில் வழுக்கியது, அதனால் பழைய தோல் ஜாக்கெட்டிலிருந்து துண்டு வெட்டி மேலே ஒட்டினார். சாதாரணக் கிதார்த் தந்தியை அழுத்த வலித்ததால் பேஞ்சோ என்ற வாத்தியத்தின் மெல்லிசான தந்திகளை மாட்டினார். இரண்டே தந்தியில், குறைந்த அசைவில், கனமாக ஒலிக்கிற ஒரு வாசிப்புக்கு அவர் வந்து சேர்ந்தது இப்படித்தான். உலகம் இன்று ஹெவி மெட்டல் என்று சொல்லும் ஓசைக்கு அடிப்படையே அதுதான். இதில் சாத்தானுக்கு என்ன வேலை?

சரி, ஆல்பத்துக்கு வருகிறேன். 1969 அக்டோபர் 16, லண்டனில் ரீஜென்ட் சவுண்ட் ஸ்டூடியோ. தயாரிப்பாளர் ராஜர் பெயின், ஒலிப்பதிவாளர் டாம் அலோம். கையில் இருந்த நேரம் இரண்டே நாள், அதில் ஒரு நாள் பதிவான ஒலிகளைக் கலந்து சீராக்கும் மிக்ஸிங்குக்கு. ஆகவே பாட்டு முழுவதையும் ஒரே நாளில், சுமார் 12 மணி நேரத்தில் முடித்தாக வேண்டும். ஆசியைத் தனி அறைக்குள் நிறுத்திவிட்டு மற்ற மூவரும் மேடையில் வாசிப்பது போலவே வாசித்தார்கள், பெரும்பாலான பாட்டுக்கு இரண்டாவது தடவை என்பதே கிடையாது. அன்றைக்கு அயோமியின் ஸ்ட்ராட்டோகாஸ்டர் கிதாரில் தந்தியின் அதிர்வைப் பிடிக்கிற பிக்கப் வேறு கெட்டுப்போய்விட்டது. துணைக்கு வைத்திருந்த கிப்ஸன் எஸ்.ஜி. கிதாரை எடுத்தார், பின்னால் அதுவே அவருடைய அடையாளமாகிவிட்டது.

ஒரே நாளில் முடிந்தது என்பதால் அவசரத்தில் அள்ளித் தெளித்த கோலம் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது. அதற்கு முன்னால் ஹாம்பர்க் நகரத்து ஸ்டார் கிளப்பில் ஒரே நாளில் பல முறை மேடையேறி, கூட்டம் இருந்தாலும் இல்லாவிட்டாலும் வாசித்துத் தள்ளியவர்கள் இவர்கள். நடுவில் கொஞ்ச நாள் ஜெத்ரோ டல் என்ற வேறொரு ராக் குழுவுக்குப் போய்விட்டுத் திரும்பிய அயோமி, அங்கே எல்லோரும் காலையிலேயே ஒத்திகைக்கு வந்துவிடுவதைப் பார்த்து, இங்கேயும் அப்படித்தான் என்று கறாராகச் சொல்லிவிட்டார். ஸ்டூடியோவுக்குள் போகும்போது பாட்டெல்லாம் கையில் ஊறிப்போயிருந்தது.

முதல் பாட்டு, குழுவின் பெயரையே தலைப்பாகக் கொண்டது. மழை, இடி, தூரத்து மணியோசை, இவையெல்லாம் பின்னால் தயாரிப்பாளர் சேர்த்தவை. அப்புறம் அந்த மூன்று சுரங்கள். கீழ் ஸட்ஜம் (ஸ), உடனே மேல் ஸட்ஜம், அங்கிருந்து இறங்கி பிரதி மத்யமத்தில், அதாவது இரண்டு 'ம'வில் உயர்ந்ததில், வந்து நின்று நடுங்குகிறது. ஐரோப்பிய இசையில் ஸட்ஜத்துக்கும் இந்தச் சுரத்துக்கும் உள்ள தூரத்தைச் சாத்தானோடு சேர்த்துப் பேசுவது நெடுநாள் வழக்கம், உங்கள் கட்டுரையாளரும் ஒருவேளை அதைத்தான் எங்கோ படித்திருப்பார். ஆனால் நமக்கு அது கல்யாணி ராகத்தில் வருகிற சுரம், மேளகர்த்தா என்ற 72 தாய் ராகங்களில் பாதிக்கு, அதாவது 36 ராகங்களுக்கு, அதுதான் மத்யமம். நம் காதில் மங்களமாக விழுகிற அதே சுரத்தை, ஸட்ஜத்துக்கு எதிரே தனியாக நிறுத்தி, மெதுவாக இழுத்து இழுத்து வாசித்தே இவர்கள் பயத்தைக் கிளப்புகிறார்கள். ஹோல்ஸ்ட் என்ற ஆங்கில இசையமைப்பாளர் செவ்வாய் கிரகத்துக்கு எழுதிய இசையைப் பட்லர் பாஸில் வாசித்துக்கொண்டிருந்ததில்தான் இதற்குப் பொறி கிடைத்தது.

பாட்டின் வரிகளும் அப்படித்தான். கட்டிலின் காலடியில் கறுப்பாக ஓர் உருவம் நிற்பதைப் பார்த்துப் பட்லர் நடுங்கிப்போன அனுபவம் அது, பாட்டில் வருபவன் கடவுளைத்தான் கூப்பிடுகிறான். அட்டையின் உள்பக்கம் இருந்த தலைகீழ்ச் சிலுவை ரெக்கார்டு கம்பெனி தானாகப் போட்டது, குழுவைக் கேட்கவே இல்லை. அட்டைப் படத்தில் கறுப்பு அங்கியில் ஒரு பெண் நிற்கிறாள், பின்னால் ஆக்ஸ்ஃபோர்டுஷயரின் மேப்பிள்டரம் தண்ணீர் மில். வெளியிட்ட தேதி 1970 பிப்ரவரி 13, வெள்ளிக்கிழமை, அவர்கள் ஊரில் கெட்ட நாள் என்று நினைக்கிற நாள். விற்பனைக்காகச் செய்த ஜோடனையை வைத்து இசைத்தவர்களின் தலையில் முத்திரை குத்தினால் எப்படி?

வரவேற்பு எப்படி இருந்தது என்பதையும் நீங்கள் எழுதியிருக்கலாம். விமர்சகர்கள் கழுவி ஊற்றினார்கள். ரோலிங் ஸ்டோன் பத்திரிகையில் லெஸ்டர் பேங்ஸ், இது கிரீம் என்ற ராக் குழு மாதிரியே இருக்கிறது, ஆனால் அதைவிட மோசம் என்று எழுதினார். அடுத்தவர் பாட்டையும் ஆல்பத்தில் சேர்த்திருந்தார்கள், கடைசியில் வரும் நீளமான கிதார் வாசிப்பு சில இடங்களில் அலைகிறது, அதையெல்லாம் நானும் ஒத்துக்கொள்வேன். ஆனால் கேட்டவர்கள் விமர்சனத்துக்காகக் காத்திருக்கவில்லை. ஆல்பம் விற்பனைப் பட்டியலில் பிரிட்டனில் 8-ஆம் இடம், அமெரிக்காவில் 23, அங்கே ஒரு வருடத்துக்கு மேல் பட்டியலை விட்டு இறங்கவில்லை. வாங்கியவர்களில் இவர்களைப் போலவே ஷிஃப்ட் முடிந்து வீட்டுக்குப் போகிற பையன்கள் எத்தனை பேர் இருந்திருப்பார்கள்! அதே ரோலிங் ஸ்டோன் 2017-ல் சிறந்த 100 மெட்டல் ஆல்பங்களை வரிசைப்படுத்தியபோது இதற்கு 5-ஆம் இடம் கொடுத்தது, முதல் இடமும் இவர்களுடைய இரண்டாவது ஆல்பத்துக்குத்தான்.

ஆசி இறப்பதற்குச் சரியாக 17 நாள் முன்னால், ஜூலை 5 அன்று, பிறந்து வளர்ந்த ஆஸ்டனிலேயே வில்லா பார்க் மைதானத்தில் அந்த நால்வரும் மறுபடி சேர்ந்து வாசித்தார்கள். நிற்க முடியாமல் நாற்காலியில் உட்கார்ந்தபடியே ஆசி பாடினார். உங்கள் கட்டுரையில் அதுவும் விட்டுப்போயிருக்கிறது.

சாத்தான் என்று போட்ட அந்த வரிக்குத் திருத்தம் வெளியிடுங்கள். முடிந்தால் இசைப் பக்கத்தில் அயோமியைப் பற்றித் தனியாக ஒரு கட்டுரை போடுங்கள், பட்டறை வேலைக்குப் போய்க்கொண்டே கிதாரோ மிருதங்கமோ கற்றுக்கொள்கிற பிள்ளைகள் நம் ஊரிலும் இருக்கிறார்கள், அவர்கள் கையில் உங்கள் பேப்பர் தினமும் போய்ச் சேருகிறது.

இப்படிக்கு,
உங்கள் நீண்டநாள் வாசகன்,
அம்பத்தூர், சென்னை.