அம்மிணிக்கு, உன் கிரகத்தின் அதிர்வு பற்றி

அன்புள்ள அம்மிணிக்கு,

இங்கே எல்லோரும் நலம். நீ அனுப்பிய கதையைப் படித்து முடித்தேன். உன் அம்மா ஊதா வானம், இரண்டு நிலா வரைக்கும் வந்துவிட்டு, "எனக்குத் தலை சுத்துது, நீங்களே படிங்க" என்று போனை என்னிடம் கொடுத்துவிட்டாள். எனக்குப் பிடித்திருந்தது. ஒரே ஒரு இடத்தில்தான் இடறியது. ராத்திரியில் தரைக்கு அடியில் தொம் தொம் என்று அதிர்கிறது, கருவியில் கோடு துள்ளுகிறது, உடனே உன் விஞ்ஞானி "கீழே ஏதோ உயிர் இருக்கிறது" என்று சொல்லிவிடுகிறார். அவ்வளவு சீக்கிரமாகவா?

போர்வெல் வண்டியில் புதுப் பையன்கள் இப்படித்தான். ராடு லேசாக ஆட்டம் கொடுத்தாலே "அண்ணா, பாறை மாறிடுச்சு" என்று கத்துவார்கள். நான் முதலில் பார்ப்பது ஜாக்கியைத்தான். நாலு ஜாக்கியில் ஒன்று மண்ணில் அமுங்கியிருந்தாலும் வண்டி மொத்தமும் குலுங்கும், அந்தக் குலுக்கல் லீவரைப் பிடித்த கைக்குக் கீழேயிருந்து வருகிற மாதிரியே இருக்கும். அடுத்து கம்ப்ரசர். இரண்டும் ஒழுங்காக இருந்தால்தான் வெளியே வருகிற தூளை அள்ளிப் பார்ப்பேன். நிறம் மாறியிருந்தால் பாறை மாறியது நிஜம்.

நிலாவிலும் இதே கதைதான் நடந்திருக்கிறது. 1972 டிசம்பரில் அப்பல்லோ 17-இல் போனவர்கள் நில அதிர்வுக் கருவிகளை வைத்துவிட்டு வந்தார்கள். 1976, 77-இல் அவை பதிவு செய்ததை 2023-இல் மறுபடி அலசியபோது, காலை வெயில் ஏறும் நேரத்தில் மட்டும் ஒரு வகை அதிர்வு வரிசையாக வருவது தெரிந்தது. எந்தத் திசையிலிருந்து வருகிறது என்று கணக்குப் போட்டால், சில நூறு மீட்டர் தள்ளி அவர்களே விட்டுவிட்டு வந்த இறங்குகலத்தின் அடிப்பாகம்! வெயில் பட்டு விரிந்து, படபடவென்று தரையை உலுக்கியிருக்கிறது. உன் ஆட்களும் ஒரு கப்பலில்தானே இறங்கினார்கள்? அதை யாருமே சந்தேகப்படவில்லையே.

அப்புறம் காற்று. 1976-இல் வைக்கிங் 2 செவ்வாய்க்குக் கொண்டுபோன கருவி கலத்தின் மேல்தட்டிலேயே இருந்ததால் அது பதிவு செய்ததில் பெரும்பகுதி காற்றடித்துக் கலம் ஆடியதுதான். அதனால் 2018-இல் செவ்வாயில் இறங்கிய இன்சைட் கலம், கருவியைத் தன் இயந்திரக் கையால் தூக்கித் தரையில் வைத்து, மேலே ஒரு கூடாரத்தையும் கவிழ்த்துவிட்டது. ஆயிரத்து முந்நூறுக்கு மேல் அதிர்வுகளைப் பிடித்தது. 2022 மே 4 அன்று வந்ததுதான் பெரியது, 4.7 அளவு. விண்கல் விழுந்ததா என்று பார்க்க, செவ்வாயைச் சுற்றக் கலம் அனுப்பிய நாடுகளின் விண்வெளி அமைப்புகள், நம் இஸ்ரோவும் சேர்ந்து, புதுப் பள்ளம் ஏதாவது இருக்கிறதா என்று தேடின. இல்லை. அப்படியானால் உள்ளேயிருந்து வந்ததுதான் என்று அதற்குப் பிறகுதான் சொன்னார்கள். அந்தத் தேடலிலேயே ஒரு அத்தியாயம் இருக்கிறது.

உன் கிரகத்துக்கு இரண்டு நிலா வைத்திருக்கிறாய், ஆனால் அவற்றைச் சும்மா வானத்தில் தொங்கவிட்டிருக்கிறாய். நம் நிலாவுக்குள் எழுநூறு கிலோமீட்டருக்கும் கீழே வருகிற அதிர்வுகள் பூமியின் இழுப்புக்கு ஏற்ப ஏறத்தாழ 27 நாளுக்கு ஒருமுறை முறை வைத்து வரும். உன் கிரகத்திலும் இரண்டு நிலாவும் ஒரே பக்கம் வரும்போது அதிர்வு கூடட்டும். படிக்கிறவர்கள் அதை இதயத் துடிப்பு என்று நினைத்துக்கொள்வார்கள், நினைக்கட்டும். உன் விஞ்ஞானி பட்டியல் போட்டு, கப்பல், வெயில், காற்று, நிலா என்று ஒவ்வொன்றாக அடித்துவிட்டு, எதிலும் சேராத ஒன்றிரண்டைச் சுற்றி வட்டம் போடட்டும். எனக்கு அங்கேதான் பயம் வரும்.

சந்திரயான் 3 நிலாவில் இறக்கிய நில அதிர்வுக் கருவி இல்சா, 2023-இல் இருநூற்றைம்பதுக்கு மேல் அதிர்வுகளைப் பதிவு செய்தது. சுமார் இருநூறு, ரோவர் உருண்டதும் மற்றக் கருவிகள் ஓடியதும். மிச்சம் ஐம்பதுக்கு இப்படிக் கணக்குக் காட்ட முடியவில்லை. (நிலா மண்ணைப் போலவே செயற்கையாக மண் செய்ய இஸ்ரோ நம் நாமக்கல் பக்கத்துச் சித்தம்பூண்டிப் பாறையைத்தான் அரைத்தது. அந்தப் பக்கம் துளை போட்டிருக்கிறேன், துளைக்கிற பிட்டையே தேய்த்துத் தின்றுவிடும்.)

இன்னொன்று. தரையெல்லாம் சேறு என்று எழுதிவிட்டு, அதிர்வு ஒரு மணி நேரம் நிற்கவில்லை என்கிறாய். ஈரம் அதிர்வைச் சீக்கிரம் குடித்துவிடும். 1969-இல் அப்பல்லோ 12-இன் கலத்தை நிலாவில் மோதவிட்டபோது ஏறத்தாழ ஒரு மணி நேரம் அதிர்ந்ததற்குக் காரணமே அந்த நிலம் சொட்டு ஈரமில்லாமல், வெடித்து நொறுங்கிக் கிடப்பதுதான். சேற்றை எடுத்துவிடு, இல்லையென்றால் நேரத்தைக் குறை.

மூன்றாவது அத்தியாயத்தில் ரிக் ஓட்டுகிற கிழவர் இருமத் தொடங்கியிருக்கிறார். யாரைப் பார்த்து எழுதினாய் என்று கேட்க மாட்டேன். ஆனால் நாலாவதில் அவரைச் சாகடிக்காதே. ஐநூறு அடிக்குக் கீழே என்ன இருக்கிறது என்று பார்க்க உனக்கு அவரை விட்டால் ஆளில்லை. அடுத்ததை எழுதியதும் அனுப்பு.

அன்புடன்,
அப்பா