"பெயருக்குச் சில பதவிகள்" என்று எழுதலாமா?

மதிப்புக்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற ஞாயிறு விளையாட்டுப் பக்கத்தில் கூடைப்பந்து நட்சத்திரம் ஜெர்ரி வெஸ்ட் பற்றி அரைப் பக்கக் கட்டுரை வெளியிட்டிருந்தீர்கள். நன்றி. ஆனால் 14 பருவம், 25,192 புள்ளி, 1960 ரோம் ஒலிம்பிக் தங்கம் என்று எல்லாவற்றையும் எழுதிய கை, கடைசி வரியில் அவர் ஓய்வுக்குப்பின் "பெயருக்குச் சில நிர்வாகப் பதவிகள்" வகித்ததாகச் சொல்லி முடித்திருந்தது. அந்தப் "பெயருக்கு" என்ற சொல்லைத் தாண்டி என்னால் போக முடியவில்லை.

தாங்கள் அறியாததல்ல, ஆனாலும் சொல்லியாக வேண்டியிருக்கிறது. அமெரிக்காவின் நெய்ஸ்மித் கூடைப்பந்துப் புகழ் மண்டபத்தில் வெஸ்ட் மூன்று முறை இடம்பெற்றிருக்கிறார். 1980-ல் ஆட்டக்காரராக, 2010-ல் ரோம் ஒலிம்பிக் குழுவோடு, 2024-ல் பங்களிப்பாளராக. மூன்றாவது முறை அவர் ஒரு பந்தையும் கூடையில் போட்டதற்காக அல்ல, குழுக்களைக் கட்டியதற்காக.

பொது மேலாளரின் வேலை என்ன என்று உங்கள் கட்டுரையாளர் அறிய விரும்பினால், 1996 கோடைக்காலத்தின் மூன்று வாரங்களைப் பார்த்தாலே போதும். அந்தப் பருவத்துக்கு அமெரிக்கத் தொழில்முறைக் கூடைப்பந்து லீக்கான என்பிஏ விதித்த குழுச் சம்பள உச்சவரம்பு 24.36 மில்லியன் டாலர். வெஸ்ட் கொண்டுவர நினைத்த நட்சத்திரம் ஷக்கீல் ஓநீல் அப்போது ஆர்லாண்டோ குழுவில் இருந்தார். சொந்த ஆட்டக்காரரைத் தக்கவைத்துக்கொள்ளும் குழு உச்சவரம்பைத் தாண்டலாம் என்பது விதி. தனிநபர் சம்பளத்துக்கும் அன்று எல்லை கிடையாது. அது 1999-ல்தான் வந்தது. ஆகவே ஆர்லாண்டோ மனம் வைத்தால் எவ்வளவும் கொடுக்கலாம். வெளியிலிருந்து கேட்கும், வெஸ்டின் லேக்கர்ஸ் குழுவோ, வரம்புக்குள் எவ்வளவு இடம் காலியாக இருக்கிறதோ அவ்வளவுதான் கொடுக்க முடியும். இடம் தானாக வராது. ஏற்கெனவே இருப்பவர்களை அனுப்பித்தான் உண்டாக்க வேண்டும்.

முதலில் அனுப்பப்பட்டவர் விளாடே டிவாட்ஸ். குழுவின் நடுநிலை (சென்டர்) ஆட்டக்காரர், சம்பளம் சில மில்லியன். அவருக்கு மாற்றாக குழுக்கள் வரிசையாகப் புதியவர்களை எடுக்கும் புதுமுகத் தேர்வில் ஷார்லட் குழு 13-ஆவது இடத்தில் தேர்ந்தெடுத்த 17 வயது கோபி பிரயண்டை வெஸ்ட் வாங்கினார். முதல் ஆண்டுச் சம்பளம் ஏறக்குறைய ஒரு மில்லியன். பையன் மைனர் என்பதால் ஒப்பந்தத்தில் பெற்றோரும் கையெழுத்திட வேண்டியிருந்தது. ஓய்வுபெற்ற மைக்கேல் கூப்பரோடு அவரை மோதவிட்டு ஆட்டத்தைக் கண்ணால் பார்த்தபின்தான் வெஸ்ட் இந்த முடிவுக்கு வந்தார். அதே பையனைப் பன்னிரண்டு தேர்வுகளில் எவரும் தொடவில்லை என்பதையும் சேர்த்துப் பாருங்கள்.

இதில் எங்கே பிசகலாம்? டிவாட்ஸ், ஷார்லட் போவதைவிட ஆட்டத்தையே விட்டுவிடுவேன் என்றார். அவர் விட்டிருந்தால் ஷார்லட்டுக்குக் கொடுக்க ஆளில்லை, பிரயண்ட் கைநழுவியிருப்பார். பிறகு அவர் இறங்கிவந்தார். அப்போதும் இடம் போதவில்லை. ஜூலை 16-ல் ஜார்ஜ் லிஞ்ச், ஆன்டனி பீலர் இருவரையும் ஏறக்குறைய ஒன்றும் பெறாமல் வேன்கூவருக்கு அனுப்பினார். இரண்டு நாள் கழித்து ஓநீல் ஏழாண்டு ஒப்பந்தம் போட்டார், சுமார் 120 மில்லியன் டாலருக்கு. வரிசையைக் கவனியுங்கள். ஓநீல் சம்மதிக்குமுன்பே நடுநிலை ஆட்டக்காரர் போய்விட்டார். ஓநீல் மனம் மாறி ஆர்லாண்டோவிலேயே இருந்திருந்தால், லேக்கர்ஸிடம் ஒரு பள்ளிக்கூடப் பையனும் காலி இடமும்தான் மிஞ்சியிருக்கும். அந்த ஆபத்தைத் தெரிந்தே தலையில் ஏற்றுக்கொண்டவரின் வேலையையா "பெயருக்கு" என்கிறீர்கள்? 2000, 2001, 2002 என்று மூன்று பட்டங்கள் அந்த மூன்று வாரத்திலிருந்து முளைத்தவை.

அது ஒருமுறை அடித்த அதிர்ஷ்டமும் அல்ல. 1982-ல் பொது மேலாளரானார். அவர் பொறுப்பில் 1985, 1987, 1988, 2000 பட்டங்கள். வென்றுகொண்டே இருக்கும் குழுவுக்குப் புதுமுகத் தேர்வில் கடைசி வரிசைதான் கிடைக்கும். அந்த வரிசையில் நின்றுகொண்டு 23-ஆவது இடத்தில் ஏ.சி. கிரீனையும், 26-ஆவது இடத்தில் டிவாட்ஸையும் எடுத்தார். 1987 பிப்ரவரியில் மைக்கல் தாம்சனை சான் அன்டோனியோவிலிருந்து வரவழைத்தார். கரீம் அப்துல் ஜப்பாருக்கு அப்போது 39 வயது, மாற்று ஆள் தேவை. அதோடு பாஸ்டனின் கெவின் மெக்ஹேலோடு தாம்சன் ஒரே பல்கலைக்கழகத்தில் ஆடியவர். மெக்ஹேலின் ஆட்டம் அவருக்கு அத்துபடி. அந்த ஆண்டு இறுதித் தொடரில் பாஸ்டன் 4-2 என்று தோற்றது. 2014-ல் கோல்டன் ஸ்டேட் நிர்வாகக் குழுவில் இருந்தபோது, கெவின் லவ்வுக்காக ஒரு இளம் ஆட்டக்காரரைக் கொடுத்துவிடும் யோசனையை வெஸ்ட் கடுமையாக எதிர்த்தார். அந்த இளைஞர் கிளே தாம்சன், இதே மைக்கல் தாம்சனின் மகன். மறு ஆண்டே அந்தக் குழு பட்டம் வென்றது.

மெம்ஃபிஸ் குழுவையும் உங்கள் கட்டுரை விட்டுவிட்டது. 2002-ல் அவர் போனபோது அந்தக் குழு வரலாற்றில் ஒருமுறைகூட வெளியேற்றச் சுற்றை (பிளேஆஃப்) எட்டியதில்லை. 69 வயது ஹியூபி பிரவுனைப் பயிற்றுவிப்பாளராக்கினார். முதல் பருவத்தில் 28 வெற்றி, அடுத்ததில் 50. அவ்வாண்டின் சிறந்த நிர்வாகி விருது வெஸ்டுக்கு. 1995-லும் அதைப் பெற்றிருந்தார்.

நன்றாக ஆடியவர் எல்லாரும் நன்றாக நிர்வகித்துவிடுவதில்லை என்பதும் உங்களுக்குத் தெரியும். மைக்கேல் ஜோர்டான் வாஷிங்டன் நிர்வாகியாக இருந்து 2001-ல் முதல் தேர்வாக எடுத்த குவாமி பிரவுன் எதிர்பார்த்த உயரத்துக்கு வரவே இல்லை. ஜோர்டானுக்கே கைவராத வேலை இது. மறுபுறம் வேய்ன் எம்ப்ரி. பாஸ்டனில் மாற்று ஆட்டக்காரராக இருந்தவர், 1972-ல் மில்வாக்கியில் என்பிஏயின் முதல் கறுப்பினப் பொது மேலாளரானார். அவரைப் பற்றி இந்த நாளிதழில் ஒரு வரி வந்து நான் பார்த்ததில்லை.

எழுத ஆரம்பித்தபின் பழையவையும் வருகின்றன, பொறுத்துக்கொள்ளுங்கள். சில ஆண்டுகளுக்குமுன் ஒரு படக்குறிப்பில், 1970 இறுதித் தொடரின் மூன்றாம் ஆட்டத்தில் வெஸ்ட் அறுபது அடிக்கு அப்பாலிருந்து எறிந்ததை "மூன்று புள்ளி" என்று போட்டீர்கள். என்பிஏயில் மூன்று புள்ளிக் கோடு வந்ததே 1979-80 பருவத்தில்தான். அந்த எறிதலுக்கு இரண்டு புள்ளிதான். அதனால் ஆட்டம் 102-102 என்று சமநிலையாகிக் கூடுதல் நேரத்துக்குப் போய், லேக்கர்ஸ் 111-108 என்று தோற்றது. மூன்று புள்ளி கொடுத்திருந்தால் அங்கேயே வென்றிருப்பார்கள். அதாவது படக்குறிப்பு சரியென்றால் ஆட்டத்தின் முடிவே தவறு. அப்போதும் கடிதம் எழுதினேன். திருத்தம் வரவில்லை.

"ஒன்பது இறுதித் தொடரில் ஒரே வெற்றி" என்பதை மட்டும் தனியே பெட்டி கட்டிப் போட்டதும் நியாயமில்லை. 1969 ஏழாவது ஆட்டத்தில் 42 புள்ளி, 13 மீட்புப் பந்து, 12 உதவி. லேக்கர்ஸ் இரண்டே புள்ளியில் தோற்றது. தோற்ற குழுவிலிருந்து இறுதித் தொடரின் சிறந்த ஆட்டக்காரராகத் தேர்ந்தெடுக்கப்பட்டவர் இன்றுவரை அவர் ஒருவரே. அந்தப் பெட்டியில் இதற்கு இடமிருக்கவில்லை.

நேரத்தைச் சாக்காகச் சொல்லாதீர்கள். அமெரிக்காவின் கிழக்குக் கரையில் இரவு எட்டரைக்குத் தொடங்கும் இறுதி ஆட்டம் சிங்கப்பூரில் நமக்குக் காலை எட்டரை. பதினொன்றேகாலுக்குள் முடிந்துவிடும். அச்சுக்குப் போக முழு நாள் இருக்கிறது. பின்னிரவு மூன்று மணிக்கு முடியும் இங்கிலீஷ் பிரிமியர் லீக் ஆட்டம் காலைப் பத்திரிகையில் வருகிறது. முற்பகலில் முடிந்த கூடைப்பந்து இரண்டு நாள் கழித்து மூன்று வரியில் வருகிறது. அதிலும் "கோல் அடித்தார்" என்று.

நம் மக்கள் கூடைப்பந்து பார்ப்பதில்லை என்று தாங்கள் நினைப்பதுபோல் தெரிகிறது. 1956 மெல்பர்ன் ஒலிம்பிக்கில் கூடைப்பந்து ஆடிய நாடு இது. சிங்கப்பூர் ஸ்லிங்கர்ஸ் 2016-லும் 2019-லும் ஆசியான் லீக் இறுதித் தொடர் வரை போனது. சமூக மன்ற ஆட்டங்களில் புள்ளிப் பதிவு மேசையில் உட்காருகிறவன் நான்; சட்டைகளில் தமிழ்ப் பெயர்கள் இல்லாத குழு இப்போது குறைவு. ஈசூனிலோ ஜூரோங்கிலோ மாலை ஏழு மணிக்கு வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) திடல் ஒன்றின் பக்கம் ஒரு நிருபரை அனுப்பிப் பாருங்கள். அந்தப் பிள்ளைகளுக்கு எறிதல் கணக்கு அத்துபடி. ஆனால் ஆடி முடித்தபின் இந்த விளையாட்டில் ஆள் தேர்வு, ஒப்பந்தம், சம்பளக் கணக்கு என்று வேறொரு வாழ்க்கை இருக்கிறது என்பதை அவர்களுக்குத் தமிழில் சொல்ல உங்களைத் தவிர யார் இருக்கிறார்கள்? நீங்களே அதைப் "பெயருக்கு" என்றால் அவர்கள் என்ன நினைப்பார்கள்?

கேட்பது இரண்டுதான். அந்த வரிக்கும், முடிந்தால் அந்தப் பழைய படக்குறிப்புக்கும் ஒரு திருத்தம்; நான்கு வரி போதும். அடுத்த இறுதித் தொடரின்போது ஒவ்வோர் ஆட்டத்துக்கும் ஆடிய நிமிடம், எறிந்தது, விழுந்தது, மீட்பு, உதவி, பறிப்பு, இழப்பு என்று ஏழு பத்தியில் ஒரு சிறு பட்டியல். பட்டியலின் மாதிரியை இத்துடன் இணைத்திருக்கிறேன்.

இப்படிக்கு,
நீண்டநாள் வாசகர்,
ஈசூன்