டூம் 2 திறக்காததற்கு விண்டோஸ் காரணமில்லை

யாங்கோன்

அன்பு நண்பா,

கடிதம் கிடைத்தது. மோல்மீனில் எல்லோரும் சௌக்கியம் என்றதில் சந்தோஷம். இங்கும் நலம்தான். மழை பிடித்துக்கொண்டது, கரண்ட் போய்ப் போய் வருகிறது.

மகனின் கம்ப்யூட்டரில் டூம் 2 ஓடவில்லை, விண்டோஸை அழித்து மறுபடி போடலாமா என்று கேட்டிருந்தாய். வேண்டவே வேண்டாம். அந்த கேமில் எஞ்சின், அதாவது கேமை ஓட்டும் புரோகிராம் தனி, டேட்டா தனி. படம், சத்தம், மேப் எல்லாம் டூம்2.வாட் என்ற ஒரே ஃபைலில் அடக்கம். இப்படி முழு கேமும் அடங்கிய ஃபைலுக்கு ஐவாட் என்றும், அதன் மேல் சேர்க்கும் கூடுதல் ஃபைலுக்கு பீவாட் என்றும் பெயர். 'ஐவாட் கிடைக்கவில்லை' என்ற பொருளில் எரர் வந்தால் எஞ்சினுக்கு ஃபைல் கண்ணில் படவில்லை. 'ஐவாட், பீவாட் அடையாளம் இல்லை' என்று வந்தால் ஃபைல் திறந்தாயிற்று, உள்ளே இருப்பதுதான் சரியில்லை. எது வந்தது என்று நீ எழுதவில்லை; ஆனால் ஃபோல்டருக்கு 'விளையாட்டு' என்று தமிழில் பெயர் வைத்திருக்கிறான் என்றாயே, எனக்கு அதன் மேல்தான் சந்தேகம்.

பழைய எஞ்சின்கள் பல, ஃபைல் இருக்கும் பாதையை விண்டோஸின் பழைய கோட் பேஜ், அதாவது ஒரு மொழியின் எழுத்துகளுக்கான எண் பட்டியல் வழியாகத்தான் கேட்கும். விண்டோஸில் தமிழுக்கும் பர்மியத்துக்கும் அப்படியொரு கோட் பேஜே கிடையாது; யூனிகோடு மட்டும்தான். அதனால் அந்த எழுத்துகள் கேள்விக்குறிகளாக மாறிவிடும். விண்டோஸில் ஃபைல் பெயருக்குள் கேள்விக்குறி வரவே கூடாது, அப்புறம் எங்கே திறப்பது? ஃபோல்டர் பெயரை மட்டும் மாற்றினால் போதாது. விண்டோஸ் யூசர் பெயரும் பர்மியத்திலோ தமிழிலோ இருந்தால் டெஸ்க்டாப்பின் பாதையிலும் அது வரும். ஆகவே மொத்தத்தையும் நேரே சி டிரைவுக்குக் கொண்டுபோய், ஆங்கில எழுத்தில் 'கேம்ஸ்' என்று ஃபோல்டர் போட்டு வை. பையனைக் கடிந்துகொள்ளாதே. தமிழில் பெயர் வைப்பது நல்ல பழக்கம், புது எஞ்சின்கள் அதை ஏற்றுக்கொள்கின்றன.

ஜிப்புக்குள் இருந்தபடியே எஞ்சினை டபுள் கிளிக் செய்கிறானா என்றும் பார். அப்படிச் செய்தால் விண்டோஸ் எஞ்சினை மட்டும் டெம்ப் ஃபோல்டரில் பிரித்து ஓட்டும், வாட் ஃபைல் பின்தங்கிவிடும். முதலில் 'எக்ஸ்ட்ராக்ட் ஆல்' கொடுக்க வேண்டும். எக்ஸ்ப்ளோரரின் 'வியூ' மெனுவில் ஃபைல் எக்ஸ்டென்ஷன் தெரியும்படி டிக் செய். டூம்2.வாட்.வாட் என்று பெயர் இரட்டித்திருந்தால் அப்போது தெரிந்துவிடும்.

இரண்டாவது எரர் என்றால் வாட் ஃபைலை நோட்பேடில் திற. முதல் நான்கு எழுத்து ஐ, டபிள்யூ, ஏ, டி என்று இருக்க வேண்டும். எச்டிஎம்எல் தெரிந்தால் இறங்கியிருப்பது கேம் இல்லை, ஏதோ ஒரு இணையப் பக்கம். சேவ் செய்யாமல் மூடிவிடு. சேவ் செய்தால் நல்ல ஃபைலும் கெட்டுவிடும்.

எழுத்து சரியாக இருந்தாலும் ப்ராப்பர்ட்டீஸில் அளவைப் பார். 1.9 பதிப்புக்கு 1,46,04,584 பைட். வேறு பதிப்புகளில் மாறும். கரண்ட் போய் டவுன்லோடு பாதியில் அறுந்தால் அளவு குறையும். முதல் 12 பைட்டில் அடையாளமும், உள்ளே எத்தனை துண்டு என்ற கணக்கும், அவற்றின் பட்டியல் இருக்கும் இடமும் உண்டு. அந்தப் பட்டியல் பெரும்பாலும் ஃபைலின் கடைசியில் இருக்கும். வால் அறுந்த ஃபைலில் 90 சதம் இருந்தும் பயனில்லை, திரும்பத்தான் இறக்க வேண்டும்.

காசு கொடுத்து வாங்கிய பிரதி இல்லையென்றால், டூமைப் போலவே இருக்கும் ஃப்ரீடூம் என்ற கேமைப் போட்டுக்கொடு. டூமைச் செய்த நிறுவனம் 1997-இல் வெளியிட்டது எஞ்சினின் சோர்ஸை, அதாவது மூல நிரலை மட்டுமே, டேட்டா இன்னும் உரிமை உள்ளதுதான். ஃப்ரீடூம்2.வாட் புது டூம் எஞ்சின்கள் பலவற்றில் ஓடும், முழுக்க இலவசம்.

இதற்குப் பிறகும் எரர் வந்தால் திரையை ஃபோட்டோ எடுத்து அனுப்பு. வீட்டில் எல்லோரையும் கேட்டதாகச் சொல்.

அன்புடன்,
உன் நண்பன்